காட்டின் உடையவன்: கிழக்கு ஸ்லாவிய நாட்டார் நம்பிக்கையில் லேஷி

ஆய்வுச்சுருக்கம்

ருஷ்யர், பெலாரூசியர், உக்ரைனியர் ஆகிய கிழக்கு ஸ்லாவிய மக்களின் நம்பிக்கையில் காட்டில் உறையும் ஆவி ‘லேஷி’ எனப்படுகிறது. பொதுநிலை நூல்கள் பலவும் இதனைக் கிறித்தவத்திற்கு முற்பட்ட ‘கானகக் கடவுள்’ என்றே அறிமுகப்படுத்துகின்றன. இக்கட்டுரை அக்கருத்தை மறுபரிசீலனை செய்கிறது. இடைக்கால எழுத்துச் சான்றுகள், 19-ஆம் நூற்றாண்டுத் தொகுப்புகள், லேஷி இடம்பெறும் கதைவகையின் இயல்பு, வடருஷ்ய மேய்ப்பர் காட்டோடு செய்துகொண்ட உடன்படிக்கைச் சடங்கு ஆகியவை இங்கு ஆராயப்படுகின்றன. லேஷி வழிபாட்டுக்குரிய கடவுளன்று. தனக்குரிய நிலத்தின் உடைமையாளனாக மக்களால் கருதப்பட்ட ஆவி என்பதும், அந்நம்பிக்கையின் மையம் பக்தியன்று, நுழைவு, எடுப்பு, ஈடு ஆகியவற்றை வரையறுக்கும் நடத்தைநெறியே என்பதும் இக்கட்டுரையின் முடிபுகள்.

திறவுச்சொற்கள்: லேஷி, ஸ்லாவிய நாட்டார் நம்பிக்கை, பிலிச்கா, மேய்ப்பர் உடன்படிக்கை, உடைமை, விலக்கு.

முன்னுரை

சோவியத் ஒன்றியக் காலத்தில் மாஸ்கோவிலிருந்து தமிழில் வெளிவந்த ருஷ்ய நாட்டுப்புறக் கதை நூல்கள் ஸ்லாவியக் காட்டினைத் தமிழ் வாசகர்க்கு அறிமுகம் செய்தன. அக்காட்டில் கோழிக்கால் குடிலும், அதில் வாழும் பாபா யாகா என்னும் கிழவியும் உண்டு. ஆனால் ருஷ்ய உழவரும் மேய்ப்பரும் வேட்டுவரும் நாள்தோறும் அஞ்சிப் பேசிய காட்டாவி யாகா அல்லள், லேஷியே. கதை நூல்களில் லேஷி அரிதாகவே தோன்றுவதற்கு ஒரு காரணம் உண்டு. யாகா அற்புதக் கதையின் மாந்தர்; லேஷியோ உண்மை நிகழ்ச்சி என நம்பிச் சொல்லப்பட்ட வேறொரு கதைவகைக்கு உரியவன். மொழிபெயர்ப்பில் முதல்வகை பயணம் செய்தது. இரண்டாம்வகை பிறந்த ஊரிலேயே தங்கிவிட்டது.

இவ்வேறுபாடு ஆய்வுமுறை சார்ந்த வினா ஒன்றை எழுப்புகிறது. ஓர் ஆவியின் இயல்பை அதன் உருவ வருணனையிலிருந்து அறிவதா, அல்லது அதனைப் பற்றிய பேச்சு எவ்விடத்தில், எவரால், எதன்பொருட்டு நிகழ்ந்தது என்பதிலிருந்து அறிவதா? முன்னதைப் பின்பற்றியோர் லேஷியிடம் மறைந்துபோன கடவுள் ஒருவரைத் தேடினர். பின்னதைப் பின்பற்றினால் வேறொரு சித்திரம் கிடைக்கிறது. அதனை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

1. சான்றுகளும் அவற்றின் காலமும்

ஸ்லாவியரின் தொல்சமயம் குறித்த மிகப் பழைய குறிப்புகளுள் ஒன்று 6-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பைசாந்திய வரலாற்றாசிரியர் புரோகோப்பியஸ் எழுதியது. ஸ்லாவியர் ஆறுகளையும் அணங்குகளையும் வேறு சில ஆவிகளையும் போற்றினர் என்று அவர் கூறுகிறார். காட்டாவி எனத் தனியே ஒன்றைச் சுட்டவில்லை. மேற்கு ஸ்லாவியப் பகுதிகளைப் பற்றிய செருமானிய வரலாற்றாசிரியர்கள் புனிதத் தோப்புகளைக் குறிப்பிடுகின்றனர். மெர்செபுர்க் ஆயரான தீட்மார், தமக்கு முன் அப்பதவியிலிருந்த விக்பெர்ட் என்பவர் ‘சூதிபூரே’ என்னும் புனிதத் தோப்பை வெட்டி அழித்ததை 11-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதிவைத்தார். 12-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த ஹெல்மோல்டு, புரோவே என்னும் கடவுளுக்குரிய கருவாலி மரத் தோப்பு ஒன்றை வருணிக்கிறார்.

தோப்பு வழிபாட்டுக்குச் சான்று உண்டு என்பதால் காட்டாவி வழிபாட்டுக்கும் சான்று உண்டு எனக் கொள்வது பொருந்தாது. வேலியிட்டுக் காக்கப்படும் தோப்பு மனிதர் கடவுளுக்கென ஒதுக்கிய இடம். லேஷியின் காடோ மனிதரால் ஒதுக்கப்பட்டதன்று. அவர்தம் ஆளுகைக்கு வெளியே எஞ்சி நிற்பது.

கீவ் நாட்டின் ‘தொடக்கக்கால ஆண்டுவரலாறு’ 980-ஆம் ஆண்டு நிகழ்ச்சியாக, இளவரசர் விளாதிமிர் நிறுவிய தெய்வ உருவங்களைப் பட்டியலிடுகிறது. பெரூன், ஹோர்ஸ், தாஷ்போக், ஸ்திரிபோக், சிமார்கல், மோகோஷ் என்னும் அப்பட்டியலில் காட்டுக்குரிய கடவுள் எவரும் இல்லை. புறச்சமயத்தைக் கண்டிக்கும் இடைக்காலத் திருச்சபை உரைகளில் ‘பெரெகினி’, ‘உப்பீர்’ முதலிய ஆவிகள் இடம்பெறுகின்றன. ஆயினும் பிற்கால மக்கள் வழக்கில் விரிவாகக் காணப்படும் லேஷியின் சித்திரம் அவற்றில் இல்லை.

அச்சித்திரம் முழுமையாகக் கிடைப்பது 19-ஆம் நூற்றாண்டில்தான். விளாதிமிர் தாலின் அகராதி (1863–1866), அலெக்சாந்தர் அஃபனாஸ்யெவின் ‘இயற்கை குறித்த ஸ்லாவியரின் கவித்துவப் பார்வைகள்’ (1865–1869), செர்கேய் மக்சிமோவின் மறைவுக்குப்பின் 1903-இல் வெளியான அவரது பேய்நம்பிக்கை நூல் ஆகியவை முதன்மையானவை. மக்சிமோவின் நூலுக்கு இளவரசர் தெனிஷெவ் நிறுவிய இனவரைவியல் அலுவலகம் 19-ஆம் நூற்றாண்டின் இறுதி ஆண்டுகளில் திரட்டிய செய்திகள் பெரிதும் உதவின. அச்செய்திகளை எழுதி அனுப்பியோருள் ஊர்ப்புற ஆசிரியர்களும் சமயப்பணியாளர்களும் மிகுதி. எனவே நம்பிக்கையாளரின் சொல்லோடு பதிவாளரின் மதிப்பீடும் அவற்றில் கலந்துள்ளது என்பதை ஆய்வாளர் மறத்தலாகாது.

அஃபனாஸ்யெவ் தொன்மவியல் பள்ளியைச் சார்ந்தவர். காடு என்பது முகிலின் உருவகம் என்றும், லேஷியின் சிரிப்பும் சீழ்க்கையும் சூறைக்காற்றும் புயலின் தொன்ம வடிவம் என்றும் அவர் விளக்கினார். இவ்விளக்கம் அழகானது, ஆனால் மாட்டைத் தேடிக் காட்டுக்குள் சென்ற உழவன் ஏன் தன் சட்டையைத் திருப்பி அணிந்தான் என்பதற்கு இதில் விடையில்லை. முகிலுக்கு அஞ்சி எவரும் சட்டையைத் திருப்பி அணிவதில்லை.

2. பெயரும் உருவமும்

‘லேஷி’ என்னும் சொல் காட்டைக் குறிக்கும் ‘லெஸ்’ என்னும் சொல்லடியாகப் பிறந்தது. ‘காட்டினன்’ என்பது அதன் நேர்ப்பொருள். ‘லெசவீக்’, ‘லெஸ்னோய்’ முதலிய வடிவங்களும் வழங்குகின்றன. காட்டுக்குள் இருக்கும்போது இப்பெயர்களைச் சொல்வது விலக்கு. ‘அவன்’, ‘காட்டுத் தாத்தா’, ‘உடையவன்’ என்றே சுட்டினர். இவற்றுள் ‘உடையவன்’ எனப் பொருள்படும் ‘ஹஸ்யாயின்’ என்னும் சொல் கருதத்தக்கது. வீட்டுத் தலைவனையும் நிலத்துக்குரியவனையும் குறிக்கும் அதே அன்றாடச் சொல் இது. கடவுளைக் குறிக்கும் ‘போக்’ என்னும் சொல் லேஷிக்கு வழங்கவில்லை. கரடியையும் ‘உடையவன்’ என அழைக்கும் வழக்கு உண்டு. கரடிக்கு இன்று வழங்கும் ‘மெத்வேத்’ என்னும் ருஷ்யப் பெயரே ‘தேன் உண்பது’ எனப் பொருள்படும் மாற்றுச்சொல்தான். பழைய பெயர் விலக்கின் காரணமாக மறைந்தது என்பர் மொழியியலார்.

வேறு உறைவிடங்களின் ஆவிகளுக்கும் இச்சொல் பொது. வீட்டில் தமவோய், நீரில் வதியனோய், குளியல் குடிலில் பான்னிக், கதிர் உலர்த்தும் கொட்டிலில் அவீன்னிக், வயலில் பொலெவீக் என ஒவ்வோரிடத்துக்கும் ஓர் உடையவன் உண்டு. விண்ணிலிருந்து தள்ளப்பட்ட தூதர்களுள் காட்டில் விழுந்தோர் லேஷிகளாகவும், நீரில் விழுந்தோர் வதியனோய்களாகவும், வீட்டின்மேல் விழுந்தோர் தமவோய்களாகவும் ஆயினர் என்னும் தோற்றக்கதை பரவலாகப் பதிவாகியுள்ளது. கிறித்தவச் சாயல் கொண்ட இக்கதை ஆவிகளை இழிவுபடுத்துவதாகத் தோன்றினும், அதன் உள்ளமைப்பு நிலப்பகிர்வாகும். யார் எங்கே விழுந்தனரோ அவ்விடம் அவர்க்கு உரிமையாயிற்று. லேஷியை இவ்வமைப்பிலிருந்து பிரித்தெடுத்துத் தனிக்கடவுளாக நோக்குவது அமைப்பையே குலைப்பதாகும்.

உருவ வருணனைகளும் இவ்வுரிமையையே சுட்டுகின்றன. காட்டுக்குள் அவன் மரங்களின் உயரம் இருப்பான். வெளியே வந்தால் புல்லின் உயரமே இருப்பான். உயரம் அவனுடைய உடலின் பண்பன்று, இடத்தின் பண்பு. தன் எல்லைக்குள் பேருருவாய் நிற்பவன் எல்லை கடந்ததும் சிறுத்துப்போகிறான். ஆள்வோனின் அதிகாரம் எல்லையோடு முடிவதை இதனினும் தெளிவாகச் சொல்லும் உருவகம் அரிது.

ஏனைய அடையாளங்கள் தலைகீழ்மை சார்ந்தவை. மேலங்கியின் இடப்பக்கத்தை வலப்பக்கத்தின் மேல் மடித்திருப்பான், இடக்கால் செருப்பை வலக்காலில் அணிந்திருப்பான், அவனுக்குப் புருவமும் இமைமயிரும் இல்லை, நிழல் விழாது. தெரிந்தவர் ஒருவரின் உருவில் வந்து உடன் நடப்பவனை இவ்வடையாளங்களால் இனங்காணலாம் என நம்பினர். இத்தலைகீழ்மை மறுவுலகின், சிறப்பாக இறந்தோர் உலகின் பொதுவான குறியீடு. திமீத்ரி செலெனின் 1916-இல் வெளியிட்ட ஆய்வில், அகால மரணமுற்றோரும் சபிக்கப்பட்டோரும் ஆவியுலகில் சேர்தலைப் பற்றிய ஸ்லாவிய நம்பிக்கைகளை விரிவாக விளக்கியுள்ளார். லேஷிக்கு இறந்தோரோடுள்ள தொடர்பு அவன் உடையவன் என்னும் கருத்துக்கு முரணன்று. மனிதரின் ஊர் ஓர் உலகாயின் அதன் புறத்தே உள்ள காடு அதன் மறுபுறம். அங்கே ஒழுங்கு உண்டு, ஆனால் அது எதிர்த்திசையில் இயங்கும் ஒழுங்கு.

3. கதைவகை: பிலிச்கா

லேஷியைப் பற்றிய கதைகள் ‘பிலிச்கா’ எனப்படும். மெய்யாக நடந்தது எனப் பொருள்படும் ‘பீல்’ என்னும் சொல்லடியாகப் பிறந்த பெயர் இது. பெலஓசெரோ வட்டாரத்தில் தொகுப்புப்பணி செய்த போரிஸ், யூரி சொகோலோவ் உடன்பிறப்பினர் மக்கள் வழங்கிய இச்சொல்லை 1915-இல் வெளிவந்த தம் நூலின் வழி ஆய்வுலகுக்குக் கொணர்ந்தனர். எர்னா பொமெரன்ட்சேவா 1975-இல் வெளியிட்ட ‘ருஷ்ய நாட்டார் வழக்காற்றில் தொன்மப் பாத்திரங்கள்’ என்னும் நூலில் இவ்வகையின் இயல்புகளை வரையறுத்தார். சுவீடிய அறிஞர் வான் சீடோ 1934-இல் முன்வைத்த ‘நினைவுரை’ என்னும் கருத்தாக்கத்தோடு இது நெருங்கிய தொடர்புடையது.

பிலிச்காவுக்கும் அற்புதக் கதைக்கும் உள்ள வேறுபாடு அடிப்படையானது. அற்புதக் கதை, பெயரில்லா நாட்டில் நிகழ்வது, முடிவு இனிது, கேட்போர் அதனை மெய்யென நம்பவேண்டுவதில்லை. பிலிச்காவோ அருகிலுள்ள காட்டில், பெயர் சொல்லத்தக்க ஒருவருக்கு, நினைவுக்கு எட்டும் காலத்தில் நிகழ்ந்தது. சொல்பவர் தாமே கண்டதாகவோ தம் உறவினர் கண்டதாகவோ கூறுவர். கதை குறுகியது, அலங்காரம் இல்லை, பெரும்பாலும் அச்சத்தோடு முடியும். அதன் பயன் எச்சரிக்கை.

விளாதிமிர் பிராப் 1946-இல் வெளியிட்ட ‘அற்புதக் கதையின் வரலாற்று வேர்கள்’ என்னும் நூலில் யாகாவின் குடில் மறுவுலகின் வாயில் என்றும், காட்டுக்குள் செல்லும் வீரன் பூப்புச் சடங்குகளில் இளையோர் அடையும் குறியீட்டு இறப்பின் வழி செல்கிறான் என்றும் விளக்கினார். யாகா வாயில் காப்பவள். வீரன் ஒருமுறை அவ்வாயிலைக் கடந்து செல்வான். ஆனால் பிலிச்காவின் மாந்தன் வீரனல்லன். அவன் விறகுக்கும் காளானுக்கும் தொலைந்த பசுவுக்கும் இன்றும் நாளையும் அதே காட்டுக்குள் போக வேண்டியவன். ஒருமுறை கடப்பதற்கு வீரம் போதும். நாள்தோறும் சென்றுவர விதிமுறை வேண்டும். லேஷி ஏன் அற்புதக் கதையில் அரிதாகவும் பிலிச்காவில் மிகுதியாகவும் தோன்றுகிறான் என்பதற்கு இதுவே விளக்கம் எனலாம்.

4. நுழைவின் விதிகளும் மீறலும்

பிலிச்காக்களில் மிகுதியாகக் கிடைப்பது வழிதவறிய கதை. அறிந்த காட்டில், ஊருக்கு அருகிலேயே, ஒருவர் அதே இடத்தைச் சுற்றிச் சுற்றி வருகிறார். இதனை ‘லேஷி சுற்றிச்சென்றான்’ என மக்கள் கூறுவர். அவன் சுற்றி வளைத்த வட்டத்துக்குள் அகப்பட்டவர் வெளியேற இயலாது. சில கதைகளில் லேஷி தெரிந்தவரின் உருவிலோ குரலிலோ அழைத்துச் செல்கிறான்.

அகப்பட்டோர் வெளியேறச் செய்ய வேண்டுவன தெளிவாக வகுக்கப்பட்டிருந்தன. ஆடையைக் கழற்றி உட்புறம் வெளிப்புறமாகத் திருப்பி அணிதல், செருப்புகளைக் கால்மாற்றி அணிதல், வேண்டுதல் உரைத்தல் ஆகியவை அவை. இவற்றுள் முதல் இரண்டும் மேலே கூறிய தலைகீழ்மையோடு இயைந்தவை. ஒருவர் தம்மைத் தலைகீழாக்கிக்கொள்ளும்போது தலைகீழான உலகத்தின் வழி அவருக்கு நேராகிறது. இது லேஷியை அழிக்கும் மந்திரமன்று. அவன் இடத்தின் முறைக்குத் தற்காலிகமாக உட்படுதல்.

வழிதவறலுக்கு முற்பட்ட மீறல்களும் கதைகளில் சுட்டப்படுகின்றன. காட்டில் சீழ்க்கை அடித்தல், உரக்கக் கத்துதல், லேஷி செல்லும் தடத்தில் படுத்துறங்குதல் அல்லது குடிலமைத்தல் முதலியன அவனைச் சினப்படுத்தும். தடத்தின்மேல் கட்டிய குடில் இரவில் குலுக்கப்படும்; இடித்துத் தள்ளப்படும். மாறாக, காட்டுக்குடிலில் தங்குவதற்குமுன் ‘உடையவனிடம்’ இசைவு கேட்டவர்க்குத் தீங்கில்லை. வேட்டுவர் தம் முதல் வேட்டைப்பொருளையோ உப்பிட்ட ரொட்டியையோ மரக்கட்டையின்மேல் வைத்துச் சென்றனர். இதனைப் படையல் எனக் கூறலாமாயினும் அதன் நடைமுறை வேறு. கோயிலில்லை, பூசாரியில்லை, உருவமில்லை. எடுப்பவன் எடுக்கும் இடத்திலேயே உரியவனுக்குப் பங்கு வைக்கிறான்.

விலங்குகளும் லேஷியின் உடைமை. அணில்களும் முயல்களும் பெருந்திரளாக இடம்பெயர்வதைக் கண்ட மக்கள், ஒரு காட்டின் லேஷி மற்றொரு காட்டின் லேஷியிடம் சீட்டாட்டத்தில் தோற்று அவற்றைக் கடனாகச் செலுத்துகிறான் என விளக்கினர். நகைப்புக்கிடமான இவ்விளக்கத்தில் ஓர் உறுதியான எண்ணம் பொதிந்துள்ளது. அணில்கள் உரியவனற்றவை அல்ல. அவற்றை வைத்துச் சூதாடும் அளவுக்கு ஒருவனுக்கு முழுவுரிமை உண்டு. வேட்டுவனுக்குக் கிடைப்பது அவ்வுரிமையிலிருந்து விடுபட்ட பங்கு மட்டுமே.

பழைய நாட்காட்டிப்படி அக்டோபர் 4-ஆம் நாளாகிய யெரஃபேய் திருநாளன்று லேஷிகள் மரங்களை முறித்தும் விலங்குகளை விரட்டியும் ஆர்ப்பரித்துப் பின் நிலத்துக்குள் மறைவர். இளவேனிலில் மீள்வர் என்பது பரவலான நம்பிக்கை. அந்நாளில் காட்டுக்குச் செல்வது தவிர்க்கப்பட்டது. காட்டுக்குள் செல்லத்தக்க காலத்தையும் தகாத காலத்தையும் இவ்வாறு நாட்காட்டி வகுத்தது.

5. மேய்ப்பரின் உடன்படிக்கை

உடைமை பற்றிய இக்கருத்து மிக விரிவான சடங்கு வடிவம் பெற்றது ருஷ்ய வடபுலத்தில். ஆர்க்காங்கெல்ஸ்க், வோலக்தா, ஒலோனெட்ஸ், நோவ்கொரோத் முதலிய பகுதிகளில் மாடுகள் வேலியற்ற காட்டிலேயே மேய்ந்தன. வேலி பயிர்நிலத்தைச் சுற்றி இருந்ததேயன்றி மேய்ச்சல்நிலத்தைச் சுற்றி இல்லை. கரடியும் ஓநாயும் சதுப்பும் நிறைந்த அக்காட்டில் ஊரார் அனைவரின் மாடுகளுக்கும் ஊதியம் பெறும் மேய்ப்பர் ஒருவரே பொறுப்பு. ஒரு குடும்பத்தின் பசு தொலைந்தால் அக்குடும்பத்தின் குளிர்காலமே கேள்விக்குறியாகும். லேஷி பற்றிய நம்பிக்கையில் உயிர்வாழ்வே பணயமாக இருந்தது என்பதை இச்சூழல் உணர்த்துகிறது.

மேய்ச்சல் பருவம் பழைய நாட்காட்டிப்படி ஏப்ரல் 23-ஆம் நாளாகிய புனித ஜார்ஜ் திருநாளை ஒட்டித் தொடங்கும். அப்போது மேய்ப்பர் மந்தையைச் சுற்றிவந்து செய்யும் சடங்கு ‘ஆப்ஹோத்’ (சுற்றுவருகை) எனவும், அதில் பயன்படும் எழுத்துவடிவ மந்திரம் ‘ஓத்புஸ்க்’ (விடுப்பு) எனவும் வழங்கின. மேய்ப்பர் அவ்வேட்டைப் பிறர் காணாதவாறு ஊதுகொம்பிலோ இடைவாரிலோ மறைத்துவைப்பர். சடங்கில் பூட்டு ஒன்று பூட்டப்படும். மந்தை ‘பூட்டப்பட்டு’ விலங்குகளின் வாயிலிருந்து காக்கப்படுகிறது என்பது பொருள். பருவ முடிவில் அப்பூட்டு திறக்கப்படும். இடைவாரை அவிழ்த்தால் மாடுகள் பரந்து மேயும், கட்டினால் ஒன்றுகூடும் என்னும் நம்பிக்கையும் பதிவாகியுள்ளது.

கார்கோபோல் வட்டாரப் பதிவுகள் ஒரு முக்கியமான வேறுபாட்டைக் காட்டுகின்றன. சடங்கு இருவகை: ஒன்று ‘இறைவழி’, மற்றொன்று ‘லேஷிவழி’. முன்னதில் கிறித்துவும் புனித ஜார்ஜும் பிற புனிதரும் காவலர், பின்னதில் லேஷி. லேஷிவழிச் சடங்கைச் செய்த மேய்ப்பருக்காக லேஷியே மாடுகளை மேய்ப்பான் எனவும், அதற்கு ஈடாகப் பருவத்தில் ஒன்றிரண்டு மாடுகளை அவன் எடுத்துக்கொள்வான் எனவும் மக்கள் நம்பினர். முட்டையும் ரொட்டியும் கொடையாக வைக்கப்படுவதுண்டு. இறைவழிச் சடங்கில் இழப்பு இல்லை. ஆனால் விலக்குகள் அங்கும் உண்டு.

அவ்விலக்குகள் இச்சடங்கின் இதயம். பருவம் முடியும்வரை மேய்ப்பர் காட்டுக் கனிகளையும் காளான்களையும் பறித்தலாகாது, மரக்கிளையை முறித்தலாகாது, முடி வெட்டுதலாகாது, பிறரோடு கைகுலுக்குதலாகாது, உடலுறவு கொள்ளலாகாது. இவற்றின் பட்டியல் ஊர்தோறும் மாறினும் நோக்கம் ஒன்றே. காடு மந்தையிலிருந்து எதையும் எடுக்காதிருக்க வேண்டுமாயின் மேய்ப்பரும் காட்டிலிருந்து எதையும் எடுக்காதிருக்க வேண்டும். கனியும் காளானும் கிளையும் காட்டின் உடைமை. மாடு ஊரின் உடைமை. இரு உடைமைகளும் ஒரே வெளியில் கலந்திருக்கும் மாதங்களில் ஒருவர் பொருளை மற்றவர் தொடாமையே உடன்படிக்கை. விலக்கை மீறிய மேய்ப்பர் அடிபடுவதும் மாடுகள் மறைந்துபோவதும் பிலிச்காக்களின் வழக்கமான பொருள். சடங்கும் கதையும் இங்கு ஒன்றையொன்று தாங்குகின்றன: சடங்கு விதியைக் கூறும், கதை மீறலின் விளைவைக் கூறும்.

மாடு தொலைந்தபின் செய்வதற்கும் முறை இருந்தது. காட்டரசனுக்கு எழுதப்படும் முறையீட்டு மடல்கள் வடபுலத்தில் வழங்கின. பிர்ச் மரப்பட்டையில், வலமிருந்து இடமாகத் தலைகீழ் எழுத்தில் எழுதிக் காட்டில் விட்டுவருவர். காட்டரசனையும் அரசியையும் அவர்தம் பிள்ளைகளையும் விளித்து, மாட்டைத் திருப்பித் தருமாறு கோருவது அவற்றின் பொருள். மடலின் நடை வேண்டுதலைவிட வழக்குரைக்கும் மனுவை ஒத்தது. எழுத்தறிவு குறைந்த உழவர் சமூகம் அரசு அலுவலகங்களோடு கொண்ட உறவின் வடிவம் காட்டோடு கொண்ட உறவிலும் படிந்திருப்பது இதனால் புலனாகிறது.

மேய்ப்பர் சடங்கு 20-ஆம் நூற்றாண்டில் மறைந்துவிடவில்லை. கூட்டுப்பண்ணைக் காலத்திலும் இது தொடர்ந்ததை, 1990-களிலிருந்து ருஷ்ய அரசு மனிதப்பண்பாட்டுப் பல்கலைக்கழகக் குழுவினர் கார்கோபோல் வட்டாரத்தில் மேற்கொண்ட களஆய்வுகள் காட்டுகின்றன. நிலம் அரசுடைமையான பின்னும் காட்டின் உடைமை வேறொருவரிடம் இருப்பதாகவே மேய்ப்பர் எண்ணினர்.

6. சபிக்கப்பட்ட குழந்தை

லேஷிக்கு மனிதர்மீதும் உரிமை ஏற்படும் ஒரு நிலை உண்டு. சினத்தில் தாய் தன் பிள்ளையை ‘லேஷியிடம் போ’ எனத் திட்டினால், அச்சொல் தீய வேளையில் பலித்து, பிள்ளை காட்டுக்கு உரியதாகிவிடும். இத்தகைய கதைகளில் குழந்தை வீட்டைவிட்டு நடந்துபோய்விடுகிறது. அறிந்த உறவினர் ஒருவர் உருவில் லேஷி அழைத்துச் செல்கிறான். பின்னர்க் காட்டில் காணப்பட்டாலும் அது பேசாது, அஞ்சி ஓடும். மீட்பதற்குத் திருப்பலியும் வேண்டுதலும், கழுத்தில் சிலுவை அணிவித்தலும் வழிகளாகக் கூறப்படுகின்றன.

இங்கும் லேஷி வலிந்து கவர்பவனல்லன் என்பது நோக்கத்தக்கது. தாயின் சொல்லே பிள்ளையை அவனுக்குக் கொடுத்தது. கொடுக்கப்பட்டதை அவன் எடுத்துக்கொண்டான். உடைமை மாற்றம் சொல்லால் நிகழ்கிறது. அதனை மீட்கச் சொல்லினும் வலிய சடங்கு தேவைப்படுகிறது. காட்டில் பிள்ளை தொலைந்த பெருந்துயருக்கு விளக்கம் தரும் இக்கதைகள், கூடவே வீட்டில் வழங்கும் கடுஞ்சொல்லுக்கும் வரம்பு விதிக்கின்றன.

7. பிற ஸ்லாவியப் பகுதிகள்

மேற்கூறிய சித்திரம் ஸ்லாவியர் அனைவர்க்கும் பொதுவானதன்று. உக்ரைன், பெலாரூஸ் எல்லையிலுள்ள பலேசியச் சதுப்புநிலப் பகுதியில் லேஷி நம்பிக்கை வலுக்குறைந்தது. வழிதவறச் செய்யும் செயல் அங்குப் பெரும்பாலும் பேயின்மேல் ஏற்றப்படுகிறது. பெலாரூஸில் ‘புஷ்ச்சா’ எனப்படும் அடர்காட்டுக்குரிய ‘புஷ்ச்சவீக்’ தனித்துக் கூறப்படுகிறான். உக்ரைனியக் கார்ப்பாத்திய மலைகளில் வாழும் ஹூத்சூல் மக்களிடம் ‘சுகாய்ஸ்தர்’ என்னும் காட்டு மனிதன் உண்டு. அவன் மனிதரைத் துன்புறுத்தான்; அவரோடு ஆடுவான்; ‘ந்யாவ்கா’ என்னும் பெண்ணாவிகளை வேட்டையாடுவான். முதுகின்றி உள்ளுறுப்புகள் தெரியத் தோன்றும் ந்யாவ்காக்கள், திருமுழுக்குப் பெறாமல் இறந்த குழந்தைகளோடு தொடர்புபடுத்தப்படுகின்றனர்.

போலந்தில் ஊசியிலைக் காட்டைக் குறிக்கும் ‘பூர்’ என்னும் சொல்லடியாகப் பிறந்த பொரூத்தா, லென்ச்சீத்சா கோட்டையில் உறையும் பிரபுவேடப் பேயாக மாறினான். செக் நாட்டு ‘ஹேய்கால்’ காட்டில் கூவும் ஆவி; அதன் கூவலுக்கு மறுமொழி கூறினோர்க்குத் தீங்கு நேரும். தெற்கே செர்பியரிடம் ‘வீலா’, பல்கேரியரிடம் ‘சமதீவா’ எனப் பெண்ணாவிகளே காட்டையும் மலையையும் உடையோர். செர்பியக் காப்பிய மரபில், தன் மலையில் பாடிய மீலோஷை வீலா அம்பெய்து வீழ்த்துகிறாள். உருவமும் பாலும் வேறாயினும், உடையவரின் இடத்தில் இசைவின்றி ஒலியெழுப்புதல் குற்றம் என்னும் விதி வடபுல லேஷியின் விதியோடு ஒத்திருக்கிறது.

வடபுலத்தில் இந்நம்பிக்கை செறிந்திருப்பதற்குக் காட்டுமேய்ச்சல் ஒரு காரணம். அண்டையில் வாழும் கரேலியர், வெப்ஸியர், கோமி முதலிய பின்னோ-உக்ரிய மக்களும் காட்டின் உடையவனை நம்பினர். காடு கால்நடையை ‘மறைத்துக்கொள்ளும்’ என்னும் கருத்தும் அவர்களிடம் உண்டு. எனவே லேஷியை ஸ்லாவிய இனத்தின் தொல்கடவுளாகக் கொள்வதைவிட, வடகாட்டு வாழ்முறையைப் பகிர்ந்த பல மக்களின் பொது நெறியில் ஸ்லாவியர் பெற்ற வடிவமாகக் கொள்வதே சான்றுகளுக்கு இயைந்தது.

முடிவுரை

1. இடைக்கால எழுத்துச் சான்றுகளில் லேஷி கடவுளாக இடம்பெறவில்லை. அவனைப் பற்றிய விரிவான செய்திகள் 19-ஆம் நூற்றாண்டையும் அதற்குப் பிற்பட்ட காலத்தையும் சார்ந்தவை. அவற்றைக் கொண்டு மறைந்த கடவுளை மீட்டுருவாக்குவது சான்றின் வரம்பைக் கடப்பதாகும்.

2. மக்கள் வழங்கிய பெயரும், இடத்தோடு மாறும் உயரமும், ஏனைய உறைவிட ஆவிகளோடு அவனுக்குள்ள ஒப்புமையும் அவனை நிலத்தின் உடையவனாகவே காட்டுகின்றன.

3. லேஷி அற்புதக் கதையில் அருகி, பிலிச்காவில் பெருகிக் காணப்படுவது தற்செயலன்று. மீண்டும் மீண்டும் காட்டுக்குச் செல்ல வேண்டியவர்க்குரிய விதிமுறையே பிலிச்காவின் பொருள்.

4. மேய்ப்பர் உடன்படிக்கை அவ்விதிமுறையின் முழுவடிவம். கிறித்தவம் அதனை நீக்கவில்லை. புனித ஜார்ஜ், லேஷி என இரு காவலருள் ஒருவரைத் தேர்ந்துகொள்ளும் நிலையை ஏற்படுத்தியது. காவலர் மாறினும் விலக்கின் அமைப்பு நிலைத்தது.

இம்முடிபுகள் தமிழில் லேஷியைக் குறிக்கும் சொல் தேர்வுக்கும் பொருந்தும். ‘வனதேவதை’, ‘கானகக் கடவுள்’ என்னும் பெயர்ப்புகள் வழிபாட்டையும் அருளையும் நினைவூட்டுவன. லேஷியிடம் எவரும் அருள் வேண்டவில்லை. தமக்குரியதல்லாத இடத்தில் தாம் நடந்துகொள்ளும் முறைக்கு அவனைச் சான்றாக வைத்தனர். ஆதலின் ‘காட்டின் உடையவன்’ என்னும் நேர்ப்பெயர்ப்பே வழக்குக்கு நெருங்கியது. அற்புதக் கதைகள் தமிழுக்கு வந்ததுபோலப் பிலிச்காக்களும் மேய்ப்பர் ஏடுகளும் மூலமொழியிலிருந்து தமிழாக்கம் பெறுமாயின், ஸ்லாவியக் காட்டின் மறுபாதி தமிழ் ஆய்வாளர்க்குக் கிட்டும்.